லீல் முற்றுகைக் கட்டுரைக்குத் துணைநின்றோருக்கு நன்றி மடல்

பெருமதிப்பிற்குரியீர், வணக்கம்.

ஸ்பானிய வாரிசுரிமைப் போரில், 1708ஆம் ஆண்டு, பிரான்சின் வட எல்லையிலுள்ள லீல் கோட்டை முற்றுகையிடப்பட்டதைப் பற்றி நான் எழுதிய நெடுங்கட்டுரை பிறர் உதவியின்றி முடிந்திருக்காது என்பதால், அவ்வுதவிகளைப் பொதுவிலேயே சொல்வதுதான் முறை.

லீல் நுண்கலை அரண்மனை என்னும் அருங்காட்சியகத்தில் 1:600 அளவில் மரமும் தாளும் பட்டும் கொண்டு செய்த பழைய நகர மாதிரிகளின் முன் இரண்டு மணி நேரம் என்னோடு நின்ற ஓய்வுபெற்ற ஆசிரியருக்கு முதல் நன்றி. ஒரு கொத்தளத்தின் பக்கச் சுவரிலிருந்து அடுத்த கொத்தளத்தின் முகப்பைச் சுட முடியும் என்பதால் மதிலடியில் ஒளிய இடமே இல்லை என்றும், அதனால்தான் பிரான்சை எதிர்த்து முற்றுகையிட்ட கூட்டணித் தளபதி யூஜீன் இளவரசரின் படை வளைந்து வளைந்து குழி வெட்டியபடி நெருங்க நேர்ந்தது என்றும் அவர் விரலால் காற்றில் கோடிழுத்துக் காட்டிய பிறகே, பிரெஞ்சு ராணுவப் பொறியாளர் வொபான் அமைத்த ஐங்கோண உட்கோட்டை எனக்கு விளங்கியது.

ராணுவ வழங்கல் பிரிவில் பணியாற்றிய என் தாய்மாமா வரைவைப் படித்துவிட்டு, "இத்தனை குதிரைகளுக்கும் தீனி யார் போட்டார்கள்?" என்று ஒரே கேள்வி கேட்டார். பிரசல்ஸிலிருந்து 80 பெரும்பீரங்கிகளை இழுத்துவர 3,000 வண்டிகளும் 16,000 குதிரைகளும் புறப்பட்டதை ஒரே வரியில் கடந்திருந்த நான், அதன்பின் கட்டுரையின் பாதியை மாற்றி எழுதினேன். பிரசல்ஸ் வழி அடைபட்டதும் ஓஸ்டெண்டிலிருந்து வந்த வண்டிகளைக் காக்க செப்டம்பர் 28 அன்று விய்னெண்டாலில் நடந்த சண்டையும், அதே இரவில் பிரெஞ்சுக் குதிரைவீரர்கள் சேணத்தின் பின்னே வெடிமருந்து மூட்டைகளைக் கட்டிக்கொண்டு முற்றுகை வளையத்துக்குள் புகுந்ததும் (வழியில் சில மூட்டைகள் வெடித்தன) அப்போதுதான் உரிய இடம் பெற்றன.

புறத்திணைகளில் மதிலை வளைப்பதற்கு உழிஞை, காப்பதற்கு நொச்சி என்று நினைவூட்டிய தமிழாசிரியை அம்மையாருக்கும் கடன்பட்டிருக்கிறேன். அகழியும் கொத்தளமும் இருக்கக் கடன்சொல் எதற்கு என்று அவர் கடிந்துகொண்டது நியாயமே.

நகரமும் உட்கோட்டையும் ஒரே நாளில் வீழ்ந்ததாக நான் எழுதியிருந்தது பிழை. நகரம் அக்டோபர் 22இல் பணிந்தது. நகரைக் காத்த பிரெஞ்சுத் தளபதி பூஃப்ளேர் உட்கோட்டைக்குள் பின்வாங்கி டிசம்பர் வரை தாக்குப்பிடித்தார். இதைப் பொறுமையாகச் சுட்டிக்காட்டிய வாசகருக்கே திருத்திய படியை முதலில் அனுப்பியிருக்கிறேன்.

நன்றியுடன்,
கட்டுரையாளர்