குப்பைத்தொட்டிச் சத்தம்

அன்புள்ள கயல்,

ஹூஸ்டன் பேஸ்பால் அணியான ஆஸ்ட்ரோஸ் பேச்சை எடுத்தாலே ஹூஸ்டன்காரர்களும் மற்ற ஊர்க்காரர்களும் ஏன் முறைத்துக்கொள்கிறார்கள் என்று கேட்டிருந்தாய். 2017ல் அவர்கள் ஏமாற்று வேலையோடு வென்ற கோப்பைதான் காரணம். ஆனால் அதற்கு விதை போட்டது தோற்ற வருஷங்களில்.

சீசனுக்கு 162 ஆட்டம். 2011ல் 106 தோல்வி, அடுத்து 107, 2013ல் 111. விலைபோகிற ஆட்டக்காரர்களைக் கொடுத்துவிட்டுச் சின்னப் பையன்களை வாங்கிப்போட்டார்கள். புது ஆட்டக்காரர்களை அணிகள் முறைவைத்துத் தேர்ந்தெடுப்பதுதான் டிராஃப்ட். கடைசியில் நிற்கிற அணிதான் அதில் முதல் ஆளை எடுக்கலாம் என்பது அப்போதைய விதி. 2012ல் அப்படி எடுத்தது கார்லோஸ் கொரேயாவை. அந்த இடத்து ஆளை ஒப்பந்தம் செய்ய ஒதுக்கீடு 72 லட்சம் டாலர். 48 லட்சத்துக்குப் பேசி முடித்து, மிச்சம் பிடித்ததையும் சேர்த்து 41ஆவதாக எடுத்த லான்ஸ் மெக்கல்லர்ஸுக்கு 25 லட்சம் கொடுத்தார்கள். கெட்டிக்காரக் கணக்கு. எல்லாம் பலிக்கவில்லை: 2013ல் முதலாவதாக எடுத்த மார்க் அப்பெல், பெரிய லீகில் இவர்களுக்காக ஒரு பந்துகூட வீசவில்லை.

இனி 2017ன் ஏமாற்று வேலை, குப்பைத்தொட்டி. எந்தப் பந்து போடுவது என்று, மட்டையடிப்பவர் பின்னால் பந்தைப் பிடிக்கிற கேட்சர், பந்து எறிகிற பிட்சருக்கு விரலால் சைகை காட்டுவார். சொந்த மைதானத்தில் நடுவே தூரத்தில் இருந்த சென்டர்ஃபீல்ட் கேமரா அதைப் பிடித்து, ஆட்டக்காரர்கள் உட்காரும் டக்அவுட் பின்னால் இருந்த திரைக்கு அனுப்பியது. அங்கே சைகையைப் படித்து, மட்டையடிக்கிற தங்கள் ஆளுக்குக் கேட்கும்படி குப்பைத்தொட்டியை மட்டையால் தட்டினார்கள். தட்டினால் வளைகிற பந்தோ வேகம் குறைந்த பந்தோ, சத்தமில்லையென்றால் வேகப்பந்து. கூட்டம் இரைந்தால் கேட்காது என்பதுதான் இதிலுள்ள ஓட்டை. 2017 செப்டம்பரில் எதிரணியான வைட் சாக்ஸின் பிட்சர் டேனி ஃபார்குவார் சத்தத்தைக் கவனித்து, கேட்சரை அழைத்துச் சைகையையே மாற்றிவிட்டார்.

2020 ஜனவரியில் 50 லட்சம் டாலர் அபராதம்; இரண்டு வருஷ டிராஃப்டில் முதலிரண்டு சுற்றும் போயிற்று. மேனேஜரும் ஜெனரல் மேனேஜரும் வேலை இழந்தார்கள். ஆட்டக்காரர்களுக்கு ஒன்றுமில்லை, உண்மையைச் சொன்னால் தண்டனையில்லை என்று வாக்குக் கொடுத்துத்தான் விசாரித்திருந்தார்கள். வெளியூர்க்காரர் கோபம் அங்கேதான், அது நியாயமும்கூட. 2022ல் ஃபிலடெல்ஃபியா ஃபில்லீஸ் அணியை வென்ற கோப்பையை மட்டும் குறை சொல்ல மாட்டேன். பழைய ஆட்களில் அப்போது மிஞ்சியவர்கள் ஐந்தே பேர்.

மைதானத்துக்குப் போனால் இடதுபக்கச் சுவருக்குப் பின்னால் இருக்கிற க்ராஃபோர்ட் பாக்ஸ் இருக்கைகளில் டிக்கெட் எடு. அந்த மூலையில் சுவர் 315 அடிதான். பந்து மடியில் வந்து விழும், கையில் காபியோடு உட்காராதே. கேட்சரையும் பார்: விரல் காட்டுவதற்குப் பதில் பெரும்பாலும் ஒரு சின்னக் கருவியில் பொத்தானை அழுத்துவார், பிட்சரின் தொப்பிக்குள் அது கேட்கும்.

அன்புடன்,
அப்பா