மூடியைத் திறக்காதே: கூஸ்கூஸ் குறித்து நண்பனுக்கு ஒரு கடிதம்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. இடக்கை மணிக்கட்டில் போட்டிருக்கும் கட்டை அவிழ்க்க இன்னும் மூன்று வாரங்கள் ஆகும் என்பதைத் தவிர, நான் நலமாகவே இருக்கிறேன். ஒற்றைக் கையை வைத்துக்கொண்டு என்னதான் சமைத்துச் சாப்பிடுகிறாய் என்று கேட்டிருந்தாய். வரும் சனிக்கிழமை எட்டுப் பேர் விருந்துக்கு வருகிறார்கள், அடுப்பில் வாட்டிய காய்கறிகளுக்குப் பக்கத்தில் வைக்க எளிதாக ஏதாவது சொல் என்றும், ஆறு மாதமாக அலமாரியில் கிடக்கும் கூஸ்கூஸ் பொட்டலத்தை என்ன செய்வது என்றும் கேட்டிருந்தாய். இந்த மூன்று கேள்விகளுக்கும் ஒரே விடைதான் என்பது எனக்கு வேடிக்கையாக இருந்தது. கட்டுப் போட்ட நாளிலிருந்து நான் அதிகமுறை செய்த உணவு, உலர்பழங்களும் பச்சிலைகளும் கலந்த கூஸ்கூஸ்தான். அதற்கு அடுப்பருகே நிற்க வேண்டியதில்லை, கிளற வேண்டியதில்லை, ஒரு கை போதும்.

முதலில் உன் ஐயத்தைத் தீர்த்துவிடுகிறேன். பெயரின் ஒலியைக் கேட்டு, இது கசகசாவில் ஒரு வகையோ என்று எழுதியிருந்தாய். இரண்டுக்கும் எந்த உறவும் இல்லை. கசகசா ஒரு செடியின் விதை. கூஸ்கூஸ் எந்தச் செடியிலும் விளைவதில்லை. டியூரம் என்னும் கடினமான கோதுமையை உடைத்து எடுத்த ரவையில் உப்பு நீரைத் தெளித்து, உள்ளங்கையால் வட்டமாகத் தேய்த்துத் தேய்த்து, கடுகுக்குக் கிட்டத்தட்ட ஒத்த அளவில் உருட்டி எடுக்கும் மணிகள் அவை. வட ஆப்பிரிக்காவின் அமசிக் மக்களுடைய பழைய உணவு அது. அங்கே பெண்கள் அகன்ற தட்டைச் சுற்றி அமர்ந்து பேசிக்கொண்டே உருட்டுவதும், சல்லடையில் சலித்துச் சிறியதைப் பெரியதிலிருந்து பிரிப்பதும், பிரித்ததை வெயிலில் உலர்த்திச் சேமிப்பதும் தலைமுறை தலைமுறையாக நடந்துவருகின்றன. அல்ஜீரியா, மௌரித்தானியா, மொராக்கோ, துனிசியா ஆகிய நான்கு நாடுகளும் சேர்ந்து விண்ணப்பித்ததன் பேரில், இந்த அறிவையும் வழக்கத்தையும் 2020ஆம் ஆண்டில் யுனெஸ்கோ தன் மரபுச் செல்வப் பட்டியலில் சேர்த்தது. வேறு பலவற்றில் ஒத்துப்போகாத அண்டை நாடுகள் ஒரு தட்டின் பொருட்டு ஒரே தாளில் கையொப்பமிட்டிருக்கின்றன என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்குச் சிரிப்பும் வியப்பும் சேர்ந்தே வருகின்றன.

இதை நான் புலமை காட்டுவதற்காகச் சொல்லவில்லை. சமையலுக்கு இதனால் பயன் உண்டு. அந்த ஊர்களில் கூஸ்கூஸை நீரில் போட்டு வேகவைப்பதே இல்லை. கீழ்ப்பாத்திரத்தில் காய்கறியும் இறைச்சியும் குழம்பாகக் கொதிக்க, அதன் மேல் பொருந்தும் துளையிட்ட பாத்திரத்தில் மணிகள் ஆவியில் வேகின்றன. இரண்டு பாத்திரங்களும் சேரும் இடத்தில் ஆவி கசியாதபடி மாவில் நனைத்த துணிப்பட்டையைச் சுற்றுவார்கள். ஒருமுறை வெந்ததைத் தட்டில் கொட்டி, எண்ணெயும் நீரும் தெளித்துக் கையால் உதிர்த்து, மறுபடி ஆவிக்கு ஏற்றுவார்கள். இப்படி இரண்டு முறை, பல வீடுகளில் மூன்று முறை. நீயும் நானும் வாங்கும் பொட்டலத்தில் இருப்பது, இந்த ஆவிவேலையை ஆலையிலேயே முடித்து, மீண்டும் உலர்த்திய மணிகள். அவை ஏற்கெனவே வெந்தவை. இழந்த நீரை மட்டுமே திரும்பக் கேட்கின்றன. இந்த ஒன்று மனத்தில் பதிந்துவிட்டால் மற்ற எல்லாம் தாமாகவே விளங்கும்.

எனக்கு அது பதியாமல் இருந்த காலத்தில் செய்த முதல் கூஸ்கூஸைப் பற்றிச் சொல்ல வேண்டும். தானியம் என்றால் நிறைய நீரில் கொதிக்க வேண்டும் என்ற பழக்கத்தில், இரண்டு மடங்கு நீர் விட்டு, அடுப்பை எரியவிட்டு, பத்து நிமிடம் கிளறினேன். கிடைத்தது சுவரொட்டி ஒட்டுவதற்கு ஏற்ற பசை. கரண்டியைச் செங்குத்தாக நட்டால் அது சாயாமல் நின்றது. பழியைப் பொட்டலத்தின் மீது போட்டுவிட்டு ஓர் ஆண்டு நான் அந்தப் பக்கமே போகவில்லை.

சரியான முறை இதுதான். எட்டுப் பேருக்குப் பக்க உணவாக இரண்டு கோப்பை கூஸ்கூஸ் போதும். எடையில் சுமார் 360 கிராம் வரும். அதற்குக் கொதிநீரும் இரண்டே கோப்பை. பழங்களும் தம் பங்கு நீரைக் குடிக்கும் என்பதால் அதற்கு மேல் நான்கு மேசைக்கரண்டி நீர் கூடுதலாக விடு. உன் பொட்டலத்தில் வேறு அளவு அச்சிட்டிருந்தால் அதையே பின்பற்று. மணியின் பருமன் மாறினால் நீரின் அளவும் சற்று மாறும். வெறும் நீருக்குப் பதிலாகக் காய்கறி வேகவைத்த சாற்றைப் பயன்படுத்தினால் சுவை ஆழமாக இருக்கும், ஆனால் கடையில் வாங்கும் சாற்றுக் கட்டிகளில் உப்பு மிகுதி என்பதால் நீ தனியாக உப்பிடாதே. வெறும் நீர் என்றால் ஒரு தேக்கரண்டி உப்பு. நீரை ஊற்றுவதற்கு முன்பே, அகலமான பாத்திரத்தில் கூஸ்கூஸைக் கொட்டி, இரண்டு மேசைக்கரண்டி ஆலிவ் எண்ணெய் விட்டு, விரல்களால் பிசறிவிடு. ஒவ்வொரு மணியும் எண்ணெயை மெல்லியதாகப் பூசிக்கொண்டால் பின்னால் ஒன்றோடொன்று ஒட்டுவது குறையும். பாத்திரம் ஆழமாக இல்லாமல் அகலமாக இருப்பதும் முக்கியம். ஆழமான பாத்திரத்தில் மேலே இருக்கும் கனம் அடியில் உள்ளதை அழுத்திக் களியாக்கிவிடும்.

பழங்களின் செய்தி சற்று விரிவானது. இனிப்பான உலர்பழம் கூஸ்கூஸுக்குப் புதிதன்று. மொராக்கோவில் வெங்காயத்தையும் உலர் திராட்சையையும் தேனும் இலவங்கப்பட்டையும் சேர்த்து நெடுநேரம் வதக்கிக் கூஸ்கூஸின் மேல் குவிப்பார்கள். அதற்குத் த்ஃபாயா என்று பெயர். நம் அவசரச் சமையல் அந்த இனிப்பை மட்டும் கடன் வாங்கிக்கொள்கிறது. எனக்குப் பிடித்த கலவை, பன்னிரண்டு உலர்ந்த ஆப்ரிகாட்டும் அரைக் கோப்பை உலர் திராட்சையும். ஆப்ரிகாட் புளிப்பும் இனிப்புமாக இருக்கும். திராட்சையோ முழு இனிப்பு. இரண்டும் ஒன்றையொன்று அடக்கும். பேரீச்சையை நான் சேர்ப்பதில்லை. அது கரைந்து மணிகளை ஒட்டவைக்கிறது, சுவையிலும் மற்ற எல்லாவற்றையும் பின்னுக்குத் தள்ளிவிடுகிறது. கிரான்பெர்ரியின் நிறம் அழகுதான் என்றாலும், கடையில் கிடைப்பதில் பெரும்பாலும் சர்க்கரை ஏற்றியிருப்பார்கள். பளிச்சென்ற செம்மஞ்சள் நிறத்தில் இருக்கும் ஆப்ரிகாட் கந்தக டை ஆக்சைடு ஊட்டப்பட்டது; ஊட்டாதது பழுப்பாக, பார்வைக்குச் சுமாராக இருக்கும், ஆனால் சுவையில் பழுப்பே உயர்ந்தது என்பது என் கட்சி. உன் விருந்தினரில் எவருக்கேனும் மூச்சிரைப்பு இருந்தால் பழுப்பையே வாங்கு, ஏனெனில் அந்தக் கந்தகச் சேர்மம் சிலருக்கு ஒத்துக்கொள்வதில்லை.

ஒற்றைக் கையால் ஆப்ரிகாட்டை நறுக்குவது எப்படி என்று நினைக்கிறாயா? சமையல் கத்தரிக்கோலின் இரு அலகுகளிலும் எண்ணெய் தடவிக்கொண்டு, பழங்களை ஒரு கோப்பைக்குள் போட்டு, உள்ளேயே வெட்டிவிடுகிறேன். கத்தியில் ஒட்டுவதுபோல் இதில் ஒட்டுவதில்லை. கை சரியான பிறகும் இதை விடுவதாக இல்லை. நறுக்கிய பழங்களைக் கொதிநீர் ஊற்றுவதற்கு முன்பே கூஸ்கூஸோடு கலந்துவிட வேண்டும். ஒருமுறை மறந்து கடைசியில் சேர்த்தேன். மென்மையான மணிகளுக்கு நடுவே பழம் தோல் துண்டுபோல் பல்லில் இழுபட்டது. உன் பழங்கள் மிகவும் காய்ந்து கிடந்தால், அவற்றை மட்டும் தனியாகப் பத்து நிமிடம் வெந்நீரிலோ ஆரஞ்சுச் சாற்றிலோ ஊறவைத்து, பிழிந்து சேர். அப்படிச் செய்தால் நான் சொன்ன கூடுதல் நான்கு கரண்டி நீர் வேண்டாம்.

இனி நீ கவனமாகப் படிக்க வேண்டிய இடம். தளதளவென்று கொதிக்கும் நீரை ஊற்றி, ஒரே ஒருமுறை கலக்கி, மேற்பரப்பைச் சமமாக்கி, இறுக்கமான மூடியாலோ ஒரு தட்டாலோ மூடிவிடு. அடுப்பு வேண்டாம். ஐந்து நிமிடம் அதைத் தொடாதே. நாம் ஓர் அறையில் தங்கியிருந்த இரண்டு ஆண்டுகளில், அடுப்பில் எது இருந்தாலும் நிமிடத்துக்கு ஒருமுறை மூடியைத் தூக்கிப் பார்த்து, மூக்குக்கண்ணாடியில் ஆவி படிந்தபடி நீ திரும்பி நிற்கும் காட்சி இன்னும் என் கண்ணில் இருக்கிறது. வேறு உணவுகள் உன்னை மன்னித்தன, இது மன்னிக்காது. அடியில் எரியும் தீ இல்லாததால், போன சூடு திரும்பி வராது. பாத்திரத்துக்குள் சிறைப்பட்டிருக்கும் ஆவிதான் மேல் அடுக்கை மென்மையாக்குகிறது. அதை நீ வெளியே விட்டால் அடியில் குழைவும் மேலே நறுநறுப்புமாக இரண்டு வேறு உணவுகள் கிடைக்கும்.

ஐந்து நிமிடம் ஆனதும் பார்த்தால் எல்லாம் ஒரே வில்லையாக இறுகியிருக்கும். அச்சம் கொள்ளாதே. கரண்டியை எடுக்காமல் முள்கரண்டியை எடுத்து, ஓரத்திலிருந்து நடுவை நோக்கிக் கீறிக்கீறி உதிர்த்துக்கொண்டு வா. கரண்டி அழுத்தும், முள்கரண்டிதான் பிரிக்கும். பாத்திரத்துக்கு அடியில் ஈரத்துணியை மடித்து வைத்திருக்கிறேன், அது நழுவாமல் நிற்பதால் பிடித்துக்கொள்ள மறுகை தேவைப்படுவதில்லை. உதிர்த்ததை ஓர் அகன்ற தட்டில் பரப்பிக் கைபொறுக்கும் சூட்டுக்கு ஆறவிடு.

ஆறவிடுவது பச்சிலைகளுக்காக. புதினா, கொத்தமல்லி, பார்ஸ்லி மூன்றும் நறுக்கியபின் சேர்ந்து ஒன்றரைக் கோப்பை இருக்கட்டும். இவ்வளவா என்று கேட்பாய். தூவி அலங்கரிக்கும் அளவுக்கு மட்டும் போட்டால், இது இனிப்பு ரவையாகவே இருந்துவிடும். பழத்தின் இனிப்பை எதிர்த்து நிற்க இலைகள் ஒரு படையாக வர வேண்டும். கழுவிய இலைகளைத் துணியில் ஒற்றி நன்றாக உலர்த்து, ஏனெனில் ஈர இலை நறுக்கும்போது நசுங்கும், கூஸ்கூஸையும் நனைக்கும். கொத்தமல்லியிலும் பார்ஸ்லியிலும் இளந்தண்டுகளைச் சேர்த்தே நறுக்கலாம், அவற்றில் மணம் அதிகம். புதினாவில் இலை மட்டும், தண்டு நார். புதினாவைக் கடைசியாக நறுக்கு, வெட்டுப்பட்ட சிறிது நேரத்திலேயே அது கறுக்கத் தொடங்கும். கொதிக்கும் சூட்டில் கலந்து மூடிவைத்தால் அரை மணியில் குளத்துப்பாசி நிறத்துக்கு வந்துவிடும். போன மாதம் என் மருமகள் அதைப் பார்த்துவிட்டு, மிகுந்த மரியாதையோடு, பசி இல்லை என்று சொல்லிவிட்டாள்.

இலைகளோடு ஓர் எலுமிச்சையின் தோலில் மேல் மஞ்சளை மட்டும் துருவிச் சேர். வெள்ளைப் பகுதி கசக்கும். பிறகு ஒன்றரை எலுமிச்சையின் சாறு, இன்னும் இரண்டு மேசைக்கரண்டி ஆலிவ் எண்ணெய், சிறிது மிளகுத்தூள். வறுத்த பாதாமையோ பிஸ்தாவையோ ஒரு கைப்பிடி கடைசியில் போடு. முன்பே போட்டால் மொறுமொறுப்பு போய்விடும். இலவங்கப்பட்டைத் தூள் பிடிக்குமானால் கால் தேக்கரண்டி கொதிநீரிலேயே கலந்துவிடலாம். அதற்கு மேல் மசாலா எதுவும் சேர்க்காதே. எதையும் அளவில்லாமல் அள்ளிப் போடுவது உன் பழக்கம் என்பதால் சொல்கிறேன்.

இரண்டு எச்சரிக்கைகள். பொட்டலத்தில் மணிகள் மிளகளவு பெருத்து, முத்துப்போல் இருந்தால், அது முத்துக் கூஸ்கூஸ். 1950களில் இஸ்ரேலில் உருவான வேறு பொருள், பாஸ்தாவைப் போல நீரில் கொதிக்கவைத்து வடிக்க வேண்டியது, என் ஐந்து நிமிடக் கணக்கு அதற்குப் பொருந்தாது. மற்றொன்று, இது முழுக்க முழுக்கக் கோதுமை. குளூட்டன் என்னும் கோதுமைப் புரதம் ஒவ்வாதவர் எவரேனும் வருகிறாரா என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்.

வெள்ளிக்கிழமை இரவே செய்து குளிர்பெட்டியில் வைக்கலாமா என்றும் கேட்டிருந்தாய். கூஸ்கூஸையும் பழத்தையும் மட்டும் செய்து, ஆறியதும் மூடி வைத்துக்கொள்; இலை, எலுமிச்சை, பருப்பு மூன்றையும் பரிமாறுவதற்கு அரை மணி முன்பு சேர்த்தால் போதும். குளிரில் சுவை மங்கித் தெரியும் என்பதால், வெளியே எடுத்துச் சற்று நேரம் கழித்துச் சுவை பார்த்துச் சரிசெய். மிஞ்சினால் மறுநாள் எனக்கு அது காலை உணவு.

ஞாயிற்றுக்கிழமை மறக்காமல் எழுது. ஐந்து நிமிடத்தில் மூடியை எத்தனை முறை தூக்கினாய் என்பதை உன் மனைவியிடம் கேட்டு எழுது. உன் கணக்கை நான் ஏற்பதாக இல்லை.

உன் அன்புள்ள,
பழைய அறைத்தோழன்