துறைமுகம் பக்கத்தில் வந்துவிட்டது; பாதைதான் வரவில்லை

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். குமரி மாவட்டத்துக்கு இனியாவது ஒரு பெரிய சரக்குத் துறைமுகம் வேண்டும் என்று வாசகர் ஒருவர் தங்கள் இதழில் எழுதியிருந்தார். அவருடைய ஆதங்கம் புரிகிறது. ஆனால் முதலில் இந்த மாவட்டத்து இனயத்துக்கும், பிறகு இங்குள்ள கோவளம்–மணக்குடிக்கும் போட்ட திட்டக் கணக்கு இன்றைக்குச் செல்லாது. குளச்சலிலிருந்து நேர்க்கோட்டில் 40 கிலோமீட்டருக்கும் குறைவான தூரத்தில் கேரளத்தின் விழிஞ்ஞம் துறைமுகம் இயங்குகிறது. 2024 ஜூலையில் அங்கே முதல் கண்டெய்னர் கப்பல் வந்தது. 2025 மே 2 அன்று பிரதமர் முறைப்படி திறந்துவைத்தார். அடுத்த மாதமே 400 மீட்டர் நீளமும் 24,346 பெட்டிக் கொள்ளளவும் உள்ள எம்.எஸ்.சி. ஐரினா கப்பல் வந்து கரையணைந்தது. இயற்கையான ஆழமே 18 மீட்டருக்கு மேல்; சர்வதேசக் கப்பல் பாதை சுமார் 10 கடல் மைலில். அதே கப்பல்களை நம்பி இங்கே கடலைத் தூர்த்து இன்னொன்றைக் கட்டினால், இரண்டும் ஒரே சரக்குக்கு அடித்துக்கொள்ளும். நாம் கேட்க வேண்டியது வேறு: விழிஞ்ஞத்துக்கும் தூத்துக்குடிக்கும் இந்த மாவட்டத்துச் சரக்கு போய்வர ஒழுங்கான வழி.

துறைமுகம் வந்தால் லாரிக்காரருக்கும் கிட்டங்கிக்காரருக்கும் தானாகவே வேலை வரும் என்பது பாதி உண்மை. விழிஞ்ஞம் அடிப்படையில் மாற்றுக்கப்பல் துறைமுகம். தாய்க்கப்பலில் வரும் பெட்டி முற்றத்தில் இறங்கி, சிறிய கப்பலில் ஏறி அடுத்த துறைமுகத்துக்குப் போய்விடும், வெளிவாசலைத் தாண்டாது. முன்பு கொழும்பிலும் சிங்கப்பூரிலும் நடந்த வேலை இது. நாட்டுக்கு இதனால் ஆதாயம் உண்டு, மறுக்கவில்லை. ஊருக்கு ஆதாயம் வருவது, வாசல் வழியே உள்நாட்டுச் சரக்கு போகும்போதும் வரும்போதும்தான்.

அதற்கு என்ன தடை என்று பார்க்க, இங்கிருந்து ஏற்றுமதியாகும் ஒரு பெட்டித் தும்பை, அதாவது தேங்காய் நாரை, எடுத்துக்கொள்ளுங்கள். தும்பு எடை குறைவு, இடம் அதிகம் பிடிக்கும். அதனால் 33 கன மீட்டர் கொள்ளும் 20 அடிப் பெட்டி கட்டுப்படியாகாது. 76 கன மீட்டர் கொள்ளும் 40 அடி உயரப்பெட்டி வேண்டும். காலிப்பெட்டி தூத்துக்குடிக் கிடங்கிலிருந்து வர வேண்டும். ஏறத்தாழ 130 கிலோமீட்டர் காற்றை ஏற்றிக்கொண்டு ஒரு டிரெய்லர் வருகிறது. கதம்பை (தேங்காய் மட்டை) மில்லில் கட்டுகளை அடுக்கி, மின்னணு முத்திரை போட்டு, மொத்த எடையை எடைமேடையில் சரிபார்த்து அறிவிக்க வேண்டும். 2016 ஜூலை முதல் இந்த எடைச்சான்று இல்லாத பெட்டியைக் கப்பலில் ஏற்றக் கூடாது என்பது உலக விதி. பிறகு அதே 130 கிலோமீட்டர் திரும்பிப் போய், கப்பலுக்கான கடைசி நேரத்துக்குள் துறைமுக வாசலைக் கடக்க வேண்டும். வழியில் நான்கு மணி நேரம் சிக்கினால் கப்பல் போய்விடும்; அடுத்த கப்பல் வரும்வரை வாடகை ஏறும். வாங்குபவரிடம் சொன்ன தேதியும் தப்பும். இவ்வளவு செலவும் கடலைத் தொடுமுன்பே ஆகிவிடுகிறது.

மாவட்டத்துக்குள்ளேயே காலிப்பெட்டிக் கிடங்கும் சுங்கச் சோதனை வசதியும் கொண்ட ஓர் உள்நாட்டு முனையம் ரயில் பாதையை ஒட்டி இருந்தால், பாதிச் சுமை இறங்கும். 45 தட்டு வேகன் கொண்ட ஒரு கண்டெய்னர் ரயில் 20 அடிப் பெட்டி 90 ஏற்றும். சாலையில் அதற்கு 45 டிரெய்லர் வேண்டும். அந்த ரயிலைப் பிரிக்காமல் நிறுத்தி ஏற்றி இறக்க ஏறக்குறைய 700 மீட்டர் நேரான பக்கப்பாதை தேவை. திருவனந்தபுரம்–கன்னியாகுமரி 87 கிலோமீட்டரில் இரட்டைப் பாதை வேலை நடக்கும்போதே அந்த இடத்தை ஒதுக்கிவைக்க வேண்டும். வேலை முடிந்த பிறகு சிக்னல் அமைப்பைக் கலைத்து நுழைப்பது பல மடங்கு செலவு. விழிஞ்ஞத்திலிருந்து பாலராமபுரம் வரை 10.7 கிலோமீட்டருக்கு, பெரும்பகுதி சுரங்கமாக, இணைப்புப் பாதை திட்டமிட்டிருக்கிறார்கள். பாலராமபுரம் நம் நாகர்கோவில் பாதையில்தான் இருக்கிறது என்பதைக் கவனியுங்கள். அந்த முனையில் பெட்டி ஏறினால் வடக்கே போவது போலவே தெற்கேயும் வரலாம். தெற்கே இறக்குவதற்கு ஓர் இடம் வேண்டும், அவ்வளவுதான்.

சாலையைப் பற்றி எல்லோரும் எழுதிவிட்டார்கள், நான் ஒன்றே ஒன்று சொல்கிறேன். காரோடு–வில்லுக்குறி நான்குவழிச் சாலை மண்ணும் கல்லும் கிடைக்காமல் நின்று நின்று நகர்கிறது. இந்த மாவட்டச் சாலைகள் வழியே களியக்காவிளையைத் தாண்டிக் கேரளத்துக்கு டாரஸ் என்னும் கனரக லாரிகள் கல் ஏற்றிப் போகின்றன. அச்சு எடை கால் பங்கு கூடினால் சாலைக்கு ஏற்படும் சேதம் ஏறக்குறைய இரண்டரை மடங்காகும். சேதம் எடையின் நான்காம் அடுக்கில் ஏறும் என்பது சாலைப் பொறியாளர்கள் கையாளும் விதி. கனமான, விலை குறைந்த, அவசரமில்லாத சரக்கு தண்ணீரில் போக வேண்டியது. விழிஞ்ஞம் அலைத்தடுப்புச் சுவருக்கே கேரளத்து முதலப்பொழியிலிருந்து பாறைகள் மிதவைகளில் கடல் வழியாகப் போயின. நம் மக்கள் விவேகானந்தர் பாறைக்குப் படகு விடும் நிறுவனமாக மட்டுமே அறிந்திருக்கும் பூம்புகார் கப்பல் போக்குவரத்துக் கழகத்தின் பெரிய வேலையும் இதுதான்: கிழக்குக் கரைத் துறைமுகங்களிலிருந்து தமிழகத்து அனல்மின் நிலையங்களுக்கு நிலக்கரி கொண்டுவருவது. 70,000 டன் கப்பல் ஒன்று கொண்டுவருவதை ரயிலில் கொண்டுவர 18, 19 முழு ரயில்கள் ஓட வேண்டும்.

அப்படியானால் ஏ.வி.எம். கால்வாயை மீட்டு அதில் சரக்கு விடலாமே என்று பலர் கேட்கிறார்கள். திருவனந்தபுரத்தையும் கன்னியாகுமரியையும் நீர்வழியாக இணைக்க 1860-களில் திருவிதாங்கூர் அரசு தொடங்கிய அனந்த விக்டோரியா மார்த்தாண்டன் கால்வாய் அது. 2016-ஆம் ஆண்டுச் சட்டம் அறிவித்த 111 தேசிய நீர்வழிகளில் 13-ஆம் எண்ணும் அதுவே. பூவாறிலிருந்து இரையுமன்துறை வரை 11 கிலோமீட்டர். கால்வாயைத் தூர்வாரி, ஆக்கிரமிப்பையும் கழிவுநீரையும் அகற்ற வேண்டும் என்பதில் இரண்டாம் பேச்சே இல்லை. மழைநீர் வடிவதற்கும் கடலோரக் கிணறுகளுக்கும் சுற்றுலாப் படகுகளுக்கும் அது உதவும். சரக்குக்கு உதவுமா என்றால், இன்றைய நிலையில் உதவாது. ஒரு லிட்டர் டீசலில் ஒரு டன்னை லாரி 24 கிலோமீட்டரும் ரயில் 85 கிலோமீட்டரும் நீர்வழி 105 கிலோமீட்டரும் கொண்டுபோகும் என்ற கணக்கு சரிதான். ஆனால் அது ஓடும் தூரத்துக்கு மட்டுமான கணக்கு. லாரியிலிருந்து தோணிக்கு, தோணியிலிருந்து மறுபடி லாரிக்கு என இரண்டு முறை கை மாறும் கூலி, 11 கிலோமீட்டரில் மிச்சமாகும் டீசலை விழுங்கிவிடும். மிகச் சிறிய வகுப்பான 100 டன் தோணிக்கே கால்வாயின் அடிப்பகுதி 20 மீட்டர் அகலம், ஒன்றரை மீட்டர் ஆழம், பாலத்தின் கீழ் 4 மீட்டர் இடைவெளி வேண்டும். வடக்கே கேரளத்துக் கோவளத்தோடு இணைந்து, அந்த மாநிலத்தின் நீர்வழியோடு தொடர்ச்சி கிடைத்தால் கணக்கு மாறும். அதுவரை சரக்கைக் காட்டி நிதி கேட்பது திட்டத்தையே கெடுக்கும்.

மீனும் சரக்குதான் என்பதைத் திட்டம் போடுபவர்கள் மறந்துவிடுகிறார்கள். தேங்காப்பட்டணம் மீன்பிடித் துறைமுகத்தின் முகப்பில் மணல் மேடு எழுவதும் படகு கவிழ்வதும் உயிர் போவதும் ஆண்டுதோறும் செய்தியாகிவிட்டன. காரணம் கணக்கில் அடங்குவது. அலையின் உயரத்தைப் போல் ஏறக்குறைய 1.3 மடங்காக ஆழம் குறைந்தால் அலை உடைந்து புரளும். முகப்பில் ஐந்து மீட்டர் ஆழம் இருந்தால் இரண்டரை மீட்டர் அலை உருண்டு கடந்துபோகும். மணல் சேர்ந்து ஆழம் மூன்றேகால் மீட்டரானால் அதே அலை நடு வாசலில் உடையும். உள்ளே திரும்பும் படகின் பக்கத்தில் அடித்துச் சாய்க்கும். குழித்துறையாற்றின் பொழிமுகம் அங்கேயே இருப்பதால் ஆறும் மணல் தள்ளும், கடலும் தள்ளும். ஒருமுறை தூர்வாரினால் தீராது. மேற்குக் கரையில் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை விசைப்படகுகளுக்குத் தடை. படகுகள் நிற்கும் அந்த நேரத்தில் தூர்வாரலாம் என்று தோன்றும். தென்மேற்குப் பருவக் கடல் எந்த இயந்திரத்தையும் முகப்பில் நிற்க விடாது. ஏப்ரல், மே மாதங்களில் வாரி முடித்து, மே கடைசியில் ஆழம் அளந்து, அந்த அளவை ஏலக்கூடத்தில் எழுதி ஒட்ட வேண்டும். ஒப்பந்தம் ஜனவரியில் கையெழுத்தாகாவிட்டால் இது நடக்காது.

கடைசியாக, பக்கத்தில் கப்பல் கூடினால் வரும் ஆபத்து. தென்மேற்குக் கடலில் சரக்குக் கப்பல்களுக்கும் மீன்பிடிப் படகுகளுக்கும் தனித்தனிப் பாதை 2020 ஆகஸ்ட் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. 20 நாட் (மணிக்கு 20 கடல் மைல்) வேகத்தில் வரும் கப்பல் பத்து நிமிடத்தில் 6 கிலோமீட்டர் கடந்துவிடும். மரப்படகும் ஃபைபர் படகும் பருவக் கடலில் ரேடாரில் தெளிவாகத் தெரியாது. தூத்தூர்ப் பகுதி ஆழ்கடல் படகுகள் தானியங்கி அடையாளக் கருவியை (படகு இருக்கும் இடத்தை மற்றக் கப்பல்களுக்கு அறிவிப்பது) வலை போடும்போதும் அணைக்காமல் வைத்திருப்பது அதனால்தான் முக்கியம். 2025 மே 25 அன்று, விழிஞ்ஞத்திலிருந்து கொச்சிக்குப் போன எம்.எஸ்.சி. எல்சா 3 கப்பல் மூழ்கியது. அதிலிருந்து சிந்திய பிளாஸ்டிக் மணிகள் நம் கரை வரை வந்தன. 5 மில்லிமீட்டருக்கும் சிறியவை. அடுத்த கடலேற்றத்தில் மணலுக்குள் புதைந்துவிடும், பிறகு இயந்திரத்தால் எடுக்க முடியாது. அலை விட்டுச்சென்ற கோட்டிலேயே, முதல் நாளிலேயே, சல்லடை வைத்துக் கையால் அரித்தெடுக்க வேண்டும். அதற்கான சல்லடை, கையுறை, மூடிய சாக்கு, சேகரித்ததை வைக்க மழை படாத கொட்டகை ஆகியவை நீரோடி முதல் கன்னியாகுமரி வரை ஒவ்வொரு கடலோர ஊராட்சியிலும் மே மாதத்துக்கு முன்பே இருப்பில் இருக்க மாவட்ட நிர்வாகம் ஏற்பாடு செய்ய வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
தக்கலை.