கடவூர் தேவாங்குகளுக்காகத் திண்டுக்கல், கரூர் மாவட்ட ஆட்சியர்களுக்கு ஒரு திறந்த மடல்

பெருமதிப்பிற்குரிய ஆட்சியர் பெருமக்களுக்கு வணக்கம்.

உங்கள் இரு மாவட்டங்களிலும் பரந்துள்ள 11,806 ஹெக்டேர் காட்டைத் தமிழ்நாடு அரசு 2022 அக்டோபரில் கடவூர் தேவாங்கு சரணாலயமாக அறிவித்தது. தேவாங்குக்கென்றே நாட்டில் அமைந்த முதல் சரணாலயம் இதுதான். அந்த அறிவிப்பை மனமார வரவேற்றவன் என்ற முறையில், சரணாலய எல்லைக்கு வெளியே நடக்க வேண்டியதைப் பற்றி எழுதுகிறேன்.

தேவாங்குக்குக் குரங்கைப் போலத் தாவத் தெரியாது. பின்னங்கால்களால் ஒரு கிளையை இறுகப் பற்றிக்கொண்டு, கால் கிலோ அளவே எடையுள்ள மெலிந்த உடலை முன்னே நீட்டி, அடுத்த கிளை கைக்குச் சிக்கிய பிறகே பழைய பிடியை விடும். கிளையும் கிளையும் தொடாத இடத்தில் அது தரையில் இறங்க வேண்டும், இல்லையேல் மின்கம்பியைப் பற்ற வேண்டும். தரையில் வண்டிகளும் நாய்களும் இருக்கின்றன. கம்பியில் மின்சாரம் பாய்கிறது.

அய்யலூர்ப் பக்கத்துக் காடுகளை ஒட்டிய தோட்டங்களிலும் தேவாங்கு வாழ்கிறது. எறும்பு, வண்டு, பூச்சிகளைத் தின்று உழவருக்கு நன்மையே செய்யும் அவ்வுயிருக்குக் கிளுவை மரங்களை நட்டு வளர்த்த உயிர்வேலிதான் இரவு நேரப் பாதை. அந்த உயிர்வேலியைப் பிடுங்கிவிட்டுக் கல்தூணும் முள்கம்பியும் நடும் வழக்கம் பரவிவருவது எனக்குப் பெரும் கவலையளிக்கிறது. உழவர்களைக் குறைசொல்லிப் பயனில்லை. வேலியைக் கவாத்து செய்து பராமரிக்க ஆள் கிடைப்பதில்லை. ஆகவே உயிர்வேலியைக் காப்பவருக்கு ஓர் ஊக்கத்தொகை வழங்கவும், இடைவெளி விழுந்த இடங்களில் கிளுவைப் போத்து (நடுவதற்கு வெட்டிய கிளைத்துண்டு) நடவும் ஊராட்சிகள் வழியாக ஏற்பாடு செய்யுங்கள்.

சாலை விரிவாக்கத்துக்காகப் புளியமரங்களை வெட்ட அனுமதி கேட்டு வரும் கோப்புகளில், பகலில் பார்த்து எழுதிய அறிக்கையை மட்டும் நம்ப வேண்டாம். பகல் முழுவதும் அடர்ந்த கிளைகளுக்குள் சுருண்டு உறங்கும் தேவாங்கு எளிதில் கண்ணில் படாது. இரவில் டார்ச் அடித்தால் செந்தணலாக ஒளிரும் கண்களே அதைக் காட்டிக்கொடுக்கும். எனவே வனத்துறையினரின் இரவு ஆய்வைக் கட்டாயமாக்குங்கள். காட்டோரத்து மின்கம்பிகளுக்கு உறையிடுமாறு மின்வாரியத்தையும் கேட்டுக்கொள்ளுங்கள்.

மருந்துக்கென்றும் மாந்திரீகத்துக்கென்றும் தேவாங்கைப் பிடிப்பது 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம் என்பதைக் கிராமசபைகளில் ஒருமுறையேனும் படித்துக் காட்டினால் நல்லது.

போத்து ஊன்ற ஐப்பசி மழையே ஏற்ற காலம். அதற்குள் இரு மாவட்ட அலுவலர்களும் ஒன்றாக அமர்ந்து, கிளைகளின் தொடர்பு அறுபட்டுக் கிடக்கும் இடங்களை வரைபடத்தில் குறித்துவிட வேண்டுமெனப் பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
அய்யலூர் வட்டார விவசாயி ஒருவர்