நெடுந்தீவு: எமது சன சமூக நிலையத்தின் ஆண்டறிக்கை (2024 ஆடி – 2025 ஆனி)

பெருமதிப்புக்குரிய தலைவர் அவர்களே, போசகர்களே, தாய்மாரே, பெரியோரே, இளையோரே, விடுமுறைக்கு ஊர் வந்திருக்கும் புலம்பெயர் உறவுகளே, வணக்கம்.

வழமையான கருமங்களை முதலில் சொல்லிவிடுகிறேன். நிர்வாகசபை மாதந்தோறும் கூடியது. கார்த்திகையில் மட்டும் கூடவில்லை. படகு ஓடாத நாட்கள் தவிர, வாசிகசாலைக்குப் பத்திரிகைகள் ஒழுங்காக வந்தன. முன்பள்ளிக் கூரை திருத்தப்பட்டது. கணக்கறிக்கையைப் பொருளாளர் வாசிப்பார்.

இவ்வாண்டு நாம் அதிகம் உழைத்தது கல்வேலிகளுக்காக. யாழ்ப்பாணக் குடாநாட்டில் கிடுகாலும் பனையோலையாலும் வேலி அடைப்பார்கள், கிளுவங் கதியால் நடுவார்கள். எங்கள் தீவில் கொஞ்சம் தோண்டினாலே முருகைக்கல் (பவளப்பாறைக் கல்) தட்டும். வளவைத் துப்புரவாக்கும்போது பெயர்த்த கல்லையே எம் முன்னோர் எல்லையில் அடுக்கினார்கள். சாந்து இல்லை, சுண்ணாம்பு இல்லை. சோளகம் என்ற தென்மேல் காற்று வீசும்போது காற்று கல்லிடுக்குகளால் போய்விடும், வேலி அசையாது. மாடும் குதிரையும் பயிரில் வாய்வைக்க முடியாது.

பார்க்க வருபவர்கள் குதிரைகளையும் பெருக்குமரத்தையும் (பாவோபாப்) புறாக்கூட்டையும் படமெடுத்துக்கொண்டு பின்னேரப் படகில் திரும்பிவிடுகிறார்கள். அவையும் எமது பெருமைதான். போர்த்துக்கேயர் காலக் கோட்டையின் இடிபாடு இங்கே நிற்கிறது. ஒல்லாந்தர் தங்கள் நகரொன்றின் பெயரை இத்தீவுக்குச் சூட்டி டெல்ஃப்ட் என்றார்கள். ஆங்கிலேயர் ஆட்சியில் நோலன் என்ற அதிகாரி குதிரை வளர்ப்பை நடத்தினார். கல்வேலியை மட்டும் எந்தத் துரையும் கட்டவில்லை. அதை எங்கள் பாட்டன்மாரும் ஆச்சிமாரும் கட்டினார்கள்.

யுத்த காலத்தில் சனம் பெயர்ந்த வளவுகளில் வேலி சரிந்து கிடக்கிறது. சரிந்த கல்லைச் சிலர் அத்திவாரத்துக்கு ஏற்றிச் செல்கிறார்கள். இதை மனவருத்தத்துடன் இச்சபையில் பதிவு செய்கிறேன். தை மாதத்திலிருந்து ஞாயிறுதோறும் சிரமதானம் நடத்தினோம். வேலி கட்டிப் பழகிய ஐயா ஒருவர் எமது பிள்ளைகளுக்குக் கைப்பழக்கம் கொடுத்தார். பெரிய கல் அடியில் போகவேண்டும். நீளமான கல்லின் தலை வெளியிலும் உடல் உள்ளேயும் இருக்கவேண்டும். சில்லுக் கற்களை நடுவில் இறுக்கவேண்டும். முதல் ஞாயிறு பிள்ளைகள் அடுக்கியதை அவர் காலால் தட்டினார், விழுந்துவிட்டது. மூன்றாம் ஞாயிறு தட்டினார், நின்றது. அன்று பிள்ளைகள் போட்ட கூச்சல் எனக்கு இன்னும் காதில் கேட்கிறது.

தண்ணீரைப் பற்றியும் சொல்லவேண்டும். எங்கள் நன்னீர், சுண்ணக்கல்லுக்குள் கடல்நீரின் மேல் மிதக்கும் மழைநீர். அளவுக்கு மிஞ்சி இறைத்தால் கீழிருந்து உவர் ஏறிவிடும். பிறகு மீட்க எத்தனையோ மாரி வேண்டும். ஆகவே கோடையில் பொதுக்கிணறுகளில் இயந்திரம் வைக்காமல் வாளியால் அள்ளுமாறு வீடுவீடாகக் கேட்டோம். பெரும்பாலானோர் கேட்டார்கள். ஆடி, ஆவணி வறட்சியில் குதிரைகளுக்கென வைத்த தொட்டிகளை முறைவைத்து நிரப்பிய இளைஞர்களுக்கு நன்றி.

2024 கார்த்திகை இறுதிப் பெருமழையில் புங்குடுதீவின் குறிகட்டுவான் துறைக்கான படகுச் சேவை நின்றது. கடைகளில் மா முடிந்தது. ஒடியல் (காயவைத்த பனங்கிழங்கு) வைத்திருந்த வீடுகள் மற்றவர்களுக்கும் கொடுத்தன; எமது மண்டபத்தில் பெரிய பானையில் கூழ் காய்ச்சினோம். ஆனால் நோயாளியை ஒடியல் காப்பாற்றாது. எந்தக் காலநிலையிலும் ஓடக்கூடிய அவசரப் படகொன்று எப்போதும் துறையில் நிற்கவேண்டும் என்று உரிய இடங்களுக்கு மூன்று கடிதங்கள் எழுதினோம். பதில் வரவில்லை. நான்காவதும் எழுதுவோம்.

1985 மே 15 அன்று குமுதினி என்ற பயணிகள் படகில் நடுக்கடலில் வெட்டிக் கொல்லப்பட்ட எம் உறவுகளின் 40ஆம் ஆண்டு நினைவு நாளில் எமது உறுப்பினர்கள் மாவிலித்துறையில் விளக்கேற்றினர். அன்று பிறந்திராத பிள்ளைகளும் வந்து நின்றார்கள்.

வெளிநாட்டு உறவுகளுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் வளவு வேலியைத் திருத்த எழுத்தில் அனுமதி தாருங்கள். பணம் பிறகு பார்க்கலாம். வரும் ஞாயிறு காலை ஆறு மணிக்கு வாசிகசாலைக்குப் பின்னால் உள்ள வளவின் மேற்கு வேலியில் வேலை தொடங்கும். வெயில் ஏறுமுன் வாருங்கள்.

நன்றி.

செயலாளர்