மூட்டைக்குப் பின்னால் ஒரு வெட்டு

ஆசிரியருக்கு,

சென்ற இதழில் ஹிட்ச்காக்கின் 'ஃப்ரென்சி' (1972) பற்றி வந்த கட்டுரையில், மாடிப்படிக் காட்சியை 'வெட்டே இல்லாத ஒரே ஷாட்' என்று எழுதியிருந்தார்கள். அதில் வெட்டு, அதாவது இரண்டு படத்துண்டுகளை ஒட்டிய இடம், உண்டு.

டையால் கழுத்தை இறுக்கிக் கொல்லும் பழ வியாபாரி ரஸ்க், பேப்ஸ் என்ற பெண்ணைத் தன் வீட்டுக்கு அழைத்துப் போகிறான். கதவு சாத்தப்படுகிறது. கேமரா உள்ளே போகாமல் பின்வாக்கிலேயே படியிறங்கி, நடையைத் தாண்டி, தெருவுக்கு வந்துவிடுகிறது. படிக்கட்டு ஸ்டுடியோவில் போட்ட செட். தெருவோ லண்டன் கோவன்ட் கார்டன் சந்தையை ஒட்டிய நிஜமான ஹென்ரியெட்டா தெரு. கேமரா வெளியே வரும்போது ஓர் ஆள் உருளைக்கிழங்கு மூட்டையைச் சுமந்தபடி வாசலுக்குக் குறுக்கே போகிறாரே, அந்த நொடியில்தான் இரண்டு துண்டும் ஒட்டப்பட்டிருக்கின்றன. சந்தையில் மூட்டை தூக்குபவரை யார் சந்தேகிக்கப் போகிறார்கள்!

இப்படி ஒட்டுவதில் சிக்கல் நிறைய. கேமரா பின்வாங்கும் வேகம், அதன் உயரம், லென்ஸ் மூன்றும் இரு துண்டிலும் ஒத்துப்போக வேண்டும். ஒன்று பிசகினாலும் மூட்டை கடந்ததும் படம் ஒரு குதி குதிக்கும். வெளிச்சம் இன்னொரு தொல்லை. ஒளியின் நிறத்தைக் கெல்வினில் அளப்பார்கள், எண் ஏற ஏற நீலம் கூடும். செட்டில் எரியும் டங்ஸ்டன் விளக்கு 3200 கெல்வின். பகல் வெளிச்சம் ஏறக்குறைய 5600. டங்ஸ்டன் விளக்குக்கென்று தயாரித்த ஃபிலிமைக் கொண்டு தெருவை எடுத்தால் '85' என்ற ஆரஞ்சு நிற ஃபில்டர் போட்டாக வேண்டும், இல்லையென்றால் காட்சி நீலம் பாய்ந்துவிடும். நடந்துகொண்டே ஆட்டமில்லாமல் படமெடுக்க உதவும் ஸ்டெடிகேமும் அப்போது கிடையாது. அது திரைக்கு வந்தது 1976இல்.

ஆனாலும் வெட்டை மறைப்பதில் பாதி வேலையைச் செய்வது ஒலிதான். கதவு மூடியதும் அப்படியொரு நிசப்தம். கேமரா வாசலை நெருங்க நெருங்கச் சந்தை இரைச்சல் ஏறி வருகிறது. நம் கவனம் காதுக்குப் போய்விடுவதால் கண் ஏமாறுகிறது. மேலே அந்தப் பெண் கத்தினாலும் இந்த இரைச்சலில் யாருக்கும் கேட்காது என்பதையும் அதே ஒலி சொல்லிவிடுகிறது. திருமணத் தகவல் நிலையத்தில் நடக்கும் கொலையை முன்பே முழுதாகக் காட்டிவிட்டதால், இங்கே மூடிய கதவே போதும்.

லாரிக் காட்சியிலும் ஒரு திருத்தம். பேப்ஸின் பிணத்தை மூட்டையில் கட்டி ஏற்றிவிட்ட உருளைக்கிழங்கு லாரியில் ரஸ்க் தேடுவது மோதிரமல்ல, 'ஆர்' எழுத்துப் பொறித்த டை பின். பிணம் விறைத்துவிட்டதால் அதை இறுகப் பிடித்த கை திறக்கவில்லை. பேனாக்கத்தியால் நெம்பிப் பார்க்கிறான், கத்தி முறிகிறது. அப்புறம்தான் விரல்களை ஒவ்வொன்றாக ஒடிக்கிறான். பின்னால் இன்ஸ்பெக்டர் இதை வீட்டுச் சாப்பாட்டு மேசையில் விவரிக்கும்போது, அவர் மனைவி ரொட்டிக் குச்சியை 'படக்'கென்று முறிப்பார். கட்டுரையாளர் அதை எப்படி விட்டார் என்று தெரியவில்லை.

இசை ஹென்றி மான்சினி என்று போட்டிருப்பதும் தவறு. அவர் அமைத்த இசையை ஹிட்ச்காக் ஒதுக்கிவிட்டார். படத்தில் கேட்பது ரான் குட்வினின் இசை.

– ஒரு வாசகர், மதுரை