பேலா பலாஷின் பெயரையும் அச்சிடுங்கள்

பழைய படங்களைத் தேடியெடுத்துத் திரையிடும் திரைப்படச் சங்கத்தாருக்கு,

வணக்கம். அண்மையில் ஒரு திரையிடலில் ‘நீல ஒளி’ என்ற ஜெர்மன் படத்தைப் பார்த்தேன். வாசலில் கொடுத்த துண்டுப் பிரசுரத்தில் லெனி ரீஃபென்ஸ்டாலின் நடிப்புக்கு ஒரு பத்தி, இயக்கத்துக்கு ஒரு பத்தி, பின்னாளில் அவர் நாஜிகளுக்காக எடுத்த படங்களுக்கு இன்னொரு பத்தி. அவரோடு சேர்ந்து திரைக்கதை எழுதியவருக்கு ஒரு வரிகூட இல்லை.

அவர் ஹங்கேரியரான பேலா பலாஷ். 1884-இல் செகெட் நகரில் பிறந்தவர். வீட்டில் இட்ட பெயர் ஹெர்பர்ட் பௌவர். பலாஷ் என்பது எழுத்துக்காக அவரே சூட்டிக்கொண்டது. அந்தப் பெயர்தான் பிறகு பலர் கண்ணை உறுத்தியது.

1919-இல் ஹங்கேரியில் கம்யூனிஸ்ட் ஆட்சி கவிழ்ந்ததும் வியன்னாவுக்குத் தப்பினார். அங்கே நாளிதழுக்குத் திரைவிமர்சனம் எழுதிப் பிழைத்தார். சினிமாக் கோட்பாட்டு நூல்களில் இன்றும் மேற்கோள் காட்டப்படும் அவருடைய 1924-ஆம் ஆண்டுப் புத்தகம் அந்தப் பிழைப்பில் விளைந்ததுதான். ஊரிலோ, அவர் எழுதி பார்டோக் இசையமைத்த ‘நீலத்தாடியின் கோட்டை’ ஓபராவிலிருந்து அவர் பெயரை எடுக்கச் சொன்னார்கள் புதிய ஆட்சியினர். பார்டோக் இணங்கவில்லை. 1936 வரை அந்த ஓபரா புடாபெஸ்டில் மீண்டும் மேடையேறவில்லை.

ரீஃபென்ஸ்டால் வேறு ரகம். 1932-இல் படம் வெளிவந்தபோது பலாஷின் பெயர் அதில் இருந்தது. சில காட்சிகளை இயக்கியவரும் அவரே. பிறகு மாஸ்கோவில் இருந்தபோது அவர் தமக்கு வரவேண்டிய ஊதியத்தைக் கேட்டார். கேட்டதற்குக் கிடைத்தது ஒரு தாள். பெர்லினில் கைசர்ஹோஃப் என்ற ஓட்டலின் கடிதத்தாள்; தேதி 1933 டிசம்பர் 11. யூதனான பேலா பலாஷ் தன்னிடம் கோருவதைக் கவனித்துக்கொள்ள யூலியஸ் ஷ்ட்ரைகருக்கு அதிகாரம் அளிப்பதாக அதில் எழுதிக் கையெழுத்திட்டார் ரீஃபென்ஸ்டால். ஷ்ட்ரைகர் வழக்கறிஞர் அல்லர்; யூத வெறுப்பையே அச்சடித்து விற்ற பத்திரிகையின் அதிபர். கூலி கேட்ட எழுத்தாளனுக்கு இதைவிடக் கொடிய பதில் உண்டா என்று எனக்குத் தெரியவில்லை. 1938-இல் படத்தை மறுபடி வெளியிட்டபோது பலாஷின் பெயரை நீக்கிவிட்டார்கள். தயாரிப்பாளர் ஹாரி ஸோகாலும் யூதர். அவர் பெயரும் போயிற்று.

போருக்குப் பின் பலாஷ் ஊர் திரும்பி, அநாதைச் சிறுவர்களைப் பற்றி ராத்வான்யி இயக்கிய படத்துக்கு எழுதினார், 1949-இல் காலமானார். ஹங்கேரியில் இன்று அவர் பெயரில் திரைப்பட விருதே இருக்கிறது.

உங்களைக் கேட்பது சிறிய காரியம். படத்தைப் போடாதீர்கள் என்று சொல்லவில்லை, தாராளமாகப் போடுங்கள். காட்டுவது எந்த ஆண்டுப் பிரதி என்று பிரசுரத்தில் குறிப்பிடுங்கள். அதன் கீழே, ‘திரைக்கதை: பேலா பலாஷ், லெனி ரீஃபென்ஸ்டால்’ என்று ஒரு வரி சேருங்கள். இடம் போதவில்லையென்றால் நடிப்பைப் பற்றிய பத்தியில் இரண்டு வரி குறைக்கலாம்.

அன்புடன்,
உங்கள் பார்வையாளர்களில் ஒருவன்